தென்னமரம்: கோல சிலாங்கூர் மண்ணில் ஒரு தமிழ்ப் பெயர்

சிலாங்கூர் ஆறு மலாக்கா நீரிணையில் கலக்கும் இடத்தில் அமைந்த சிறு நகர் கோல சிலாங்கூர். மலாய் மொழியில் ‘கோல’ என்பது ஆற்றின் முகத்துவாரத்தைக் குறிக்கும். கோலாலம்பூரிலிருந்து ஏறத்தாழ 70 கிலோமீட்டர் தொலைவிலுள்ள இந்நகருக்கு விடுமுறை நாள்களில் வருவோர் பலர். மெலாவத்தி குன்றில் ஏறிக் குரங்குகளுக்குத் தீனியிடுவார்கள். பாசிர் பெனம்பாங்கில் மீனும் நண்டும் உண்பார்கள். இருட்டியபின் கம்போங் குவாந்தானில் படகேறி, ஆற்றோரப் பெரெம்பாங் மரங்களில் ஒருசேர மின்னி ஒருசேர அணையும் மின்மினிகளைக் கண்டு திரும்புவார்கள்.

இவை யாவும் காணத்தக்கவையே. இன்னும் சற்று அலைந்து திரிவோர்க்கு வேறு சில வியப்புகளும் உண்டு. ஜெராமுக்கு அருகே சாசாரான் கடற்கரையிலிருந்து படகில் சென்றால், அமாவாசை, பௌர்ணமியை ஒட்டிய நாள்களில் மட்டும் கடல் வற்றி வெளிப்படும் மணல்திட்டு ஒன்று வானத்தைக் கண்ணாடிபோல் காட்டும். வடக்கே செக்கிஞ்சானில், வேண்டுதலோடு வீசப்பட்ட செந்நிற நாடாக்கள் கிளைதோறும் தொங்கும் மரமொன்று கடலோரம் நிற்கிறது.

எனினும், இந்த வட்டாரத்தில் தமிழர் அறிந்திருக்க வேண்டிய ஒன்று எந்தச் சுற்றுலாக் கையேட்டிலும் முதலிடம் பெறுவதில்லை. அது ஒரு தோட்டத்தின் பெயர். அதன் வரலாற்றையும், அது நமக்கு விட்டுச்செல்லும் கடமையையும் இவ்வுரையில் ஆராய்வோம்.

ஓராண்டு ஆட்சியும் நிலைத்த பெயரும்

ஒரு நிலத்தில் யார் இட்ட பெயர் நிலைக்கிறது என்னும் வினாவுக்கு மெலாவத்தி குன்றே நல்ல சான்று. சிலாங்கூர் சுல்தான்கள் இங்கிருந்து ஆண்ட காலத்தில், இரண்டாம் சுல்தானான இப்ராகிமின் கோட்டை இக்குன்றின்மேல் இருந்தது. 1784இல் ஒல்லாந்தர் படையெடுத்து அதைக் கைப்பற்றினர். பத்தாவியாவிலிருந்த தம் தலைமை ஆளுநர் அல்திங் என்பாரின் பெயரால் அதற்கு ‘அல்திங்ஸ்பர்க்’ என்று பெயரிட்டனர். சுல்தான் பகாங்குக்குப் பின்வாங்கி, ஆள்சேர்த்துக்கொண்டு, 1785இல் கோட்டையை மீட்டார். ஒல்லாந்தர் அங்கிருந்தது ஓராண்டளவே. ஆயினும் 1907இல் ஆங்கிலேயர் குன்றின்மேல் கட்டிய கலங்கரை விளக்கம் இன்றளவும் அந்த ஒல்லாந்த ஆளுநரின் பெயரையே தாங்கி நிற்கிறது.

பிற பெயர்களும் இவ்வாறே தத்தம் கதையைச் சொல்கின்றன. செக்கிஞ்சானின் சீனப் பெயருக்கு ‘உழவுக்கு ஏற்ற ஊர்’ என்பது பொருள். அங்கு விரிந்து கிடக்கும் நெல்வயல்கள் அப்பெயரை மெய்ப்பிக்கின்றன. ஆற்றின் மேற்புறத்திலிருந்த பத்தாங் பெர்ஜுந்தை என்னும் ஊர், அப்பெயர் செவிக்கு நயமாக இல்லை என்று கருதப்பட்டதால் 2007இல் பெஸ்தாரி ஜெயா ஆயிற்று. ஆள்வோர் இட்ட பெயர், குடியேறினோர் இட்ட பெயர், அரசு மாற்றிய பெயர் என மூவகைக்கும் இவ்வாறு சான்று கிடைக்கிறது. உழைத்தோர் இட்ட பெயருக்குச் சான்று தேடினால் பெஸ்தாரி ஜெயாவுக்கு அருகிலுள்ள ஒரு தோட்டத்துக்குச் செல்ல வேண்டும்.

செம்பனையின் பிறப்பிடம்

அத்தோட்டத்தின் பெயர் ‘தென்னமரம்’. ஆங்கில ஆவணங்களிலும், தோட்ட நிறுவனங்களின் ஏடுகளிலும், மலேசியச் செம்பனையின் வரலாற்றைக் கூறும் நூல்களிலும் இப்பெயர் உரோமன் எழுத்தில் இடம்பெற்றிருக்கிறது. உலகின் பலநாட்டு ஆய்வாளர்கள் அதன் பொருளறியாமலே எழுதிச் செல்கின்றனர். தமிழ்ச் செவிக்கோ விளக்கமே வேண்டா.

இந்த வட்டாரத்தில் முதலில் பெருமளவில் பயிரானது காப்பி. பிரேசில் காப்பி உலகச் சந்தையை நிரப்பியதால் விலை வீழ்ந்தது. தோட்டக்காரர்கள் கித்தாவுக்கு மாறினர். அச்சூழலில் 1905இல் மலாயாவுக்கு வந்து சேர்ந்தவர் பிரான்சு நாட்டவரான ஆன்றி ஃபோகோனியே. சிலாங்கூர் ஆற்றங்கரையில் ரந்தாவ் பாஞ்சாங் என்னும் இடத்தில் நிலம் பெற்றுக் கித்தா பயிரிட்டார். அங்கொரு மேட்டில் வீடும் கட்டிக்கொண்டார். பெல்சிய நாட்டுத் தோட்ட முதலாளியான அட்ரியன் ஹாலே சுமத்திராவில் நடத்திவந்த தோட்டங்களோடு அவருக்குத் தொடர்பு இருந்தது. அங்கிருந்து 1911ஆம் ஆண்டளவில் செம்பனை விதைகளை வருவித்து ரந்தாவ் பாஞ்சாங்கில் நட்டார். மேற்காப்பிரிக்காவைத் தாயகமாகக் கொண்ட செம்பனை அக்காலத்து மலாயாவில் பெரிதும் அழகுக்காக வளர்க்கப்பட்ட மரம். 1917இல் தென்னமரம் தோட்டத்தில், காப்பி நட்டுப் பயன்தராது போன நிலத்தில், அதையே வணிகப் பயிராக நட்டார். மலேசியாவின் செம்பனைத் தொழில் அங்கேதான் தொடங்கியது. இன்று இந்நாட்டில் 50 இலட்சம் ஹெக்டருக்கும் மேற்பட்ட நிலத்தில் செம்பனை நிற்கிறது.

ஃபோகோனியே எழுத்தாளரும் ஆவார். இவ்வட்டாரத் தோட்ட வாழ்க்கையிலிருந்து அவர் படைத்த ‘மலேசி’ என்னும் பிரெஞ்சு நாவல் 1930இல் பிரான்சின் உயரிய இலக்கியப் பரிசான கோன்கூர் பரிசைப் பெற்றது. அடுத்த ஆண்டே ஆங்கிலத்திலும் வெளிவந்தது. அந்நாவலில் தமிழ்த் தொழிலாளர்களும் உலவுகின்றனர். பாரிஸ் நகரத்து வாசகர்கள் சிலாங்கூர்த் தோட்டத்துத் தமிழரைப் பற்றிப் படித்த அக்காலத்தில், அதே தொழிலாளர் தம்மைப்பற்றி எழுதிய ஏடுகள் மிகச் சிலவே. அவர்கள் விட்டுச்சென்ற ஏடு அவர்களுடைய பேச்சு.

வாய்மொழியே ஆவணம்

இப்பெயரின் வடிவத்தை உற்றுநோக்குவோம். ஏட்டு வழக்கில் ‘தென்னை மரம்’ என்றிருக்க வேண்டியது, இங்கே ‘தென்னமரம்’ என்று பேச்சு வழக்கிலேயே பதிவாகியிருக்கிறது. பண்டிதர் ஒருவர் ஆராய்ந்து இட்ட பெயராக இருந்தால் ஐகாரம் நின்றிருக்கும். வேலைக்காட்டில் வழங்கிய பெயரைக் கேட்டவாறே யாரோ ஒரு கிராணி பதிவேட்டில் எழுதிக்கொண்டார் என்று கருதுவதே பொருத்தமாகத் தோன்றுகிறது. இரண்டு அசைகள் கொண்ட ‘தென்னை’யின் வாய்மொழி உருவம், மலாயாத் தோட்டங்களுக்குத் தமிழர் எங்கிருந்து, எப்படிப்பட்டவர்களாக வந்தார்கள் என்பதற்கே சான்றாகிறது.

இவ்வகைச் சான்றுகள் தோட்டத் தமிழில் நிறைய உண்டு. மலாய்க்காரர் ‘கெத்தா’ என்றதைத் தமிழர் ‘கித்தா’ என்றனர், ‘கம்போங்’ கம்பமாயிற்று, ‘கெரானி’ கிராணியானார். சாலையோரத்து மைல்கல்லைக் கட்டை என்று அழைத்து, ஊர்களுக்கு ‘அஞ்சாங்கட்டை’, ‘பத்தாங்கட்டை’ என்று எண்ணாலேயே பெயர் வைத்தனர். விடியுமுன் ஆள்கணக்கு எடுக்கும் இடம் பெரட்டுக்களம். வரிசை வீடுகள் லயம். தாய்மார் வேலைக்குச் சென்றபின் பிள்ளைகள் இருக்கும் இடம் ஆயாக்கொட்டகை. சிந்தி உறைந்த பால் ஒட்டுப்பால். சென்னையிலும் மதுரையிலும் அச்சிட்ட அகராதிகளில் இச்சொற்களுள் பலவற்றை இப்பொருளில் காண்பது அரிது. பால் மரத்தோடும் துரையோடும் கங்காணியோடும் அன்றாடம் பழகியவர்கள் தம் தேவைக்கு உண்டாக்கிக்கொண்ட சொற்கள் அவை. ‘எண்ணெய்ப்பனை’ என்று தமிழ்நாட்டில் வழங்குவதை இங்குள்ளோர் ‘செம்பனை’ என்று, பழத்தின் நிறத்தைக்கொண்டு, எவ்வளவு சுருக்கமாகச் சொல்லிவிட்டனர்!

பயிர் மாறியது, வாழ்வும் மாறியது

தென்னமரத்தின் கதையில் பெருமிதத்தோடு துயரமும் கலந்திருக்கிறது. அதை மறைத்துப் பேசுவது வரலாறாகாது.

கித்தா ஆள்வேண்டும் பயிர். மரத்தை விடியற்காலையிலேயே சீவ வேண்டும். வெயில் ஏறினால் பால் வரத்துக் குறையும். கணவன் ஒரு நிரை, மனைவி ஒரு நிரை எனக் குடும்பமே வேலைக்காட்டில் நின்றது. ஆதலால் தோட்டத்துக்குக் குடும்பங்கள் தேவைப்பட்டன. குடும்பங்கள் இருந்ததால் கோயிலும் பள்ளியும் எழுந்தன. பள்ளி வயதுப் பிள்ளைகள் பத்துப்பேர் இருந்தாலே தோட்ட நிருவாகம் பள்ளி நடத்த வேண்டும் என 1923ஆம் ஆண்டுத் தொழிலாளர் சட்டம் விதித்தது. தோட்டத் தமிழ்ப்பள்ளிகள் பெருகியதற்கு அது ஒரு காரணம்.

செம்பனையின் இயல்பு வேறு. நாள்தோறும் சீவும் வேலை அதில் இல்லை. நீண்ட கழியில் பூட்டிய அரிவாளால் குலையை வெட்டித் தள்ளுவதும், பத்து இருபது கிலோ எடையுள்ள அக்குலைகளைச் சுமப்பதும் உடல்வலி மிக்க ஆடவருக்கே ஏற்ற வேலைகளாகக் கருதப்பட்டன. உதிர்ந்த பழம் பொறுக்குவது போன்ற வேலைகளே பெண்களுக்கு எஞ்சின. ஒரு காலத்தில் செம்பனைப் பூக்களுக்கு மகரந்தத்தைத் தொழிலாளரே மரம் மரமாகச் சென்று தூவிவந்தனர். 1981இல் காமரூன் நாட்டிலிருந்து ஒரு வகைக் கூன்வண்டு கொண்டுவரப்பட்டபின் அவ்வேலையும் அற்றுப்போயிற்று. ஒரு சிறு வண்டு, நெல்மணியினும் சிறியது, தோட்டந்தோறும் எத்தனையோ பேருடைய நாட்கூலியை எடுத்துக்கொண்டது.

1960களிலிருந்து கித்தாவின் இடத்தைச் செம்பனை வேகமாகப் பிடித்தது. தோட்டத்துக்கு வேண்டிய ஆள்தொகை குறைந்தது. பின்னர் அவ்வேலைக்கும் அயல்நாட்டுத் தொழிலாளர் வந்தனர். லயங்கள் ஒவ்வொன்றாகக் காலியாயின. கோல சிலாங்கூர் மாவட்டத்துத் தோட்டங்கள் சில, புஞ்சாக் ஆலாம் போன்ற புதுநகரங்களுக்கு வழிவிட்டன. ஆக, தமிழ்ப் பெயர் தாங்கிய தோட்டத்தில் வேரூன்றிய பயிரே, தோட்டத்திலிருந்து தமிழர் வெளியேறக் காரணங்களுள் ஒன்றாயிற்று. இவ்வெளியேற்றத்தில் நன்மை இல்லாமல் இல்லை. லயத்து வாழ்வின் வறுமையைப் பிள்ளைகளுக்கு விட்டுச்செல்ல எந்தப் பெற்றோரும் விரும்பியதில்லை. ஆனால் நிலமோ வீடோ கையில் இல்லாமல் வெளியேறியவர்களின் துன்பம் பெரிது. அத்துன்பத்தை முன்னுணர்ந்தே, தோட்டத் துண்டாடலின்போது, தொழிலாளர் பத்துப் பத்து வெள்ளியாகச் சேர்த்துத் தாமே தோட்டம் வாங்கும் வகையில் 1960இல் துன் வீ. தி. சம்பந்தன் தேசிய நிலநிதிக் கூட்டுறவுச் சங்கத்தைத் தொடங்கினார்.

எஞ்சியிருப்பவை, செய்ய வேண்டியவை

இன்று இவ்வட்டாரத்தில் பயணம் செய்வோர் புக்கிட் ரோத்தானில் 2013இல் குடமுழுக்குக் கண்ட சக்தி தேவஸ்தானத்தைக் கண்டு வியப்பர். கற்பணி நிறைந்த அக்கோயிலை நாமும் போற்றுகிறோம். அதே சாலையில், செம்பனை நிரைகளுக்கிடையே, தகரக் கூரையிட்ட ஒரு மாரியம்மன் கோயிலோ, ஒரு சூலம் மட்டும் நிற்கும் முனியாண்டி மேடையோ, தோட்டமே இல்லாமற்போன பின்னும் தோட்டப் பெயரைப் பலகையில் தாங்கும் ஒரு தமிழ்ப்பள்ளியோ கண்ணில் படலாம். அவற்றின் அருகே வண்டியை நிறுத்துவோர் குறைவு. மெலாவத்தி குன்றின் பீரங்கிக்கு உள்ள வரலாற்று மதிப்பு அவற்றுக்கும் உண்டு என்பதே நம் கருத்து.

கட்டடம் இடிந்தால் படமாவது எஞ்சும். பெயர் அப்படியன்று, சொல்வார் இல்லாதபோது அது தடமின்றி மறையும். தோட்டத்தின் பெயர் ஆவணத்தில் இருக்கும். தோட்டத்துக்குள் வழங்கிய பெயர்கள் ஆவணத்தில் இரா. எந்த மலைக்காட்டுக்கு என்ன பெயர், எந்தப் பாலத்தை எப்படி அழைத்தார்கள், எந்தத் துரைக்கு என்ன பட்டம் வைத்தார்கள், எந்தக் கோயில் எந்த லயத்துப் பின்புறம் இருந்தது என்பவற்றை அறிந்தவர்கள் இன்று எழுபது, எண்பது வயதைக் கடந்து, கடலோர நகரங்களின் அடுக்குமாடி வீடுகளில் பேரப்பிள்ளைகளோடு வாழ்கிறார்கள்.

எனவே தமிழ்ப்பள்ளிகளும் மொழி அமைப்புகளும் மேற்கொள்ளத்தக்க எளிய பணி ஒன்றை முன்வைக்கிறோம். ஒவ்வொரு மாணவரும் தம் குடும்பத்து மூத்தவர் ஒருவரிடம் அமர்ந்து, அவர் பிறந்த தோட்டத்தின் படத்தை ஒரு தாளில் வரையச் சொல்லட்டும். லயம், பெரட்டுக்களம், ஸ்டோர், கள்ளுக்கடை, கோயில், பள்ளி, ஆறு என ஒவ்வொன்றையும் குறித்து, அவர் வாயில் வரும் பெயரை வந்தவாறே எழுதட்டும்; ஏட்டு வழக்குக்கு மாற்ற வேண்டா. அத்தாள்கள் ஓரிடத்தில் சேர்ந்தால் வட சிலாங்கூரின் தமிழ் நிலப்படம் ஒன்று உருவாகும்.

‘தென்னமரம்’ என்ற ஒரு சொல் நூறாண்டுகளுக்கு மேலாக நிலைத்திருப்பதற்குக் காரணம், யாரோ ஒருவர் தாம் கேட்டதைக் கேட்டபடியே எழுதிவைத்ததுதான். எஞ்சிய பெயர்களுக்கு அந்த உதவியைச் செய்ய வேண்டிய தலைமுறை நாமே.