உள்ளே திரும்பிய முள்

ரோமாபுரியின் மகாபண்டிதராகிய வார்ரோ, தம் எண்பதாம் பிராயத்தில், கி.மு. 37ஆம் ஆண்டளவில், மனைவி வாங்கிய நிலத்தை முன்னிட்டு எழுதத் தொடங்கிய வேளாண்மை நூலிலே, ஆட்டுக்கிடைக்குக் காவல் நிற்கும் நாயின் கழுத்தில் எத்தகைய பட்டையைக் கட்ட வேண்டும் என்பதையும் மறவாமல் குறித்து வைத்திருக்கிறார். பருத்த தோலினால் பட்டை செய்து, கொண்டையுள்ள ஆணிகளை அதில் முனை வெளியே நீட்டும்படி அறைந்து, உட்புறத்தில் படும் கொண்டைகளின்மேல் மெல்லிய தோல் ஒன்றை வைத்துத் தைத்துவிட வேண்டும்; இரும்பு நாயின் கழுத்தை உறுத்தலாகாது என்பது அவர் கவலை. கிடையிலுள்ள நாய்களுள் ஒன்று இதை அணிந்திருக்க, அதைக் கவ்வ வந்த ஓநாய் ஒரு முறை புண்பட்டுவிட்டால், பட்டை அணியாத மற்ற நாய்களுக்கும் ஆபத்து நீங்கும் என்று அவர் மேலும் சொல்கிறார். ஆக, அந்தப் பட்டை திருத்தியது ஓநாயைத்தான். நாய்க்கு அது கவசம். நாயைத் திருத்துவதற்காக முள்ளை உட்புறமாகத் திருப்பும் யோசனை, வேறொரு காலத்தில், வேறொரு தொழிலிலே செழித்தது.

வார்ரோவுக்கு முற்பட்டவர்களும் நாயின் கழுத்தைப் பரிவோடுதான் நோக்கினார்கள். எகிப்து தேசத்து மன்னர் பள்ளத்தாக்கில் மையெர்ப்பிரி என்னும் பிரபுவின் கல்லறை 1899ஆம் ஆண்டில் திறக்கப்பட்டபோது, மூவாயிரம் ஆண்டுகளுக்கு மேல் அங்கே கிடந்த சித்திர வேலைப்பாடுள்ள தோற்பட்டைகள் இரண்டு வெளிப்பட்டன. அவற்றுள் ஒன்றில் நாயின் பெயரே பொறிக்கப்பட்டிருந்தது. கிரேக்கனாகிய செனொபோன், வேட்டையைப் பற்றிய தன் நூலில், பட்டை மென்மையாகவும் அகலமாகவும் இருக்க வேண்டும், இல்லையேல் நாயின் ரோமம் தேயும் என்று எச்சரிக்கிறான். துருக்கியில் மேய்ச்சல் நிலத்துக் கங்கால் நாய்கள் இன்றைக்கும் வெளிமுள் பட்டை அணிந்து ஓநாய்க்கு எதிரே நிற்கின்றன.

பறவை வேட்டையில் துப்பாக்கி புகுந்து, பறக்கும் பறவையைச் சுட்டு வீழ்த்துவது பிரபுக்களின் விநோதமாக ஆன பிறகு, இங்கிலாந்து முதலிய நாடுகளில் வேட்டைநாய்க்கு ஏற்பட்ட கடமைகள் விசித்திரமானவை. மோப்பத்தில் பறவை அகப்பட்டவுடன் அது பாயாமல் சிலைபோல் நிற்க வேண்டும். பறவை சடசடவென்று எழும்பும்போதும் நிற்க வேண்டும். தலைக்கு மேலே வெடி முழங்கும்போதும் நிற்க வேண்டும். கண்ணெதிரே முயல் ஓடினாலும் துரத்தலாகாது. ஓடுவதைத் துரத்துவது எந்த ஜந்துவின் பிறவிக்குணமோ, அந்த ஜந்துவினிடம், எஜமானன் நெடுந்தொலைவில் நிற்கையிலும் இந்த அடக்கத்தை எதிர்பார்த்தார்கள். இதைக் கற்பிப்பதற்கென்றே நாய் பழக்குவோர் கூட்டம் ஒன்று தோன்றியது. அவர்கள் கையில் சாட்டை ஒன்று, நீண்ட கயிறு ஒன்று; இவ்விரண்டுக்கும் மசியாத நாய்க்கு உட்புறம் முள் வைத்த பட்டை. வார்ரோ மெல்லிய தோலை வைத்துத் தைத்த அதே இடத்தில் இப்போது இரும்பு முனை வந்து உட்கார்ந்தது.

இத்தொழிலில் கொடுமை மலிந்திருந்தது என்பதற்கு, அதற்கு மாற்றாக எழுதப்பட்ட நூல்களே சாட்சி. ஆங்கிலப் பட்டாளத்து அதிகாரியாகிய ஹட்சின்ஸன் 1848இல் வெளியிட்ட நாய் பழக்கும் நூல், கைச்சைகையும் சிறு தீனியும் பொறுமையும் சாட்டையைவிட விரைவாகப் பலன் தரும் என்று விஸ்தாரமாக எடுத்துக் காட்டியது. அமெரிக்காவில் ஹாம்மண்ட் என்பவர் 1882இல், நாயை அடித்து ஒடுக்குவதை விட்டு அன்பினால் பயிற்றுவதே முறை என்று வாதாடினார். தீனி கொடுத்துப் பழக்குவது நேற்று முளைத்த நாகரிகம் என்று எண்ணுகிறவர்களும், முன்னோர்கள் யாவரும் கண்டிப்பினாலேயே நாயை ஆண்டார்கள் என்று பெருமூச்சு விடுகிறவர்களும் இந்த இரண்டு நூல்களின் ஆண்டுகளைச் சற்றுக் கவனிப்பது நல்லது.

வேட்டைக்காட்டிலிருந்து பட்டை நகரத்துக்கு வந்தது போலீஸ்காரரின் கையோடு. பெல்ஜியத்துக் கென்ட் நகரத்தில் 1899இல் முறையான போலீஸ் நாய்ப்படை ஏற்பட்டது. ஜெர்மனி விரைவில் அதைப் பின்பற்றியது. 1906இல் சார்ப்ரூக்கன் நகரத்தில் பிரஷ்யப் போலீஸுக்காக நாய்களைப் பழக்கத் தொடங்கிய கோன்ராட் மோஸ்ட், நான்கு ஆண்டு கழித்து 1910இல் வெளியிட்ட நூல் இத்துறையின் சரித்திரத்தில் ஒரு மைல்கல். நாய்க்கு நியாய அநியாயம் தெரியாது, செய்த குற்றத்தை நினைத்து அது வருந்துவதும் இல்லை; ஒரு செயலை ஒட்டி இன்பம் வந்ததா துன்பம் வந்ததா என்ற நினைவு மாத்திரமே அதை நடத்துகிறது என்பது அவருடைய சித்தாந்தத்தின் அஸ்திவாரம். ஆகவே கண்டிப்பு என்பது குற்றம் நிகழும் அந்தக் கணத்திலேயே நிகழ வேண்டும். நாய் சரியானதைச் செய்த கணத்திலேயே கண்டிப்பு மறைந்து பாராட்டு பிறக்க வேண்டும். பிந்திய கண்டிப்பு, நாய் அந்தச் சமயத்தில் எதைச் செய்துகொண்டிருந்ததோ அதன் தலையில் போய் விழும். ஓடிப்போன நாய் திரும்பி வந்தபோது அதை அடிக்கிறவன், திரும்பி வந்ததற்காக அடிக்கிறான். மனோதத்துவ சாஸ்திரிகள் ஆய்வுக்கூடத்தில் எலிகளையும் புறாக்களையும் வைத்துக்கொண்டு இதே முடிவுகளை அட்டவணை போட்டு நிரூபிப்பதற்கு அநேக ஆண்டுகள் முன்பே, ஒரு போலீஸ் உத்தியோகஸ்தர் மைதானத்தில் நின்று இவற்றைக் கண்டறிந்தார் என்பது வியக்கத்தக்கது. முள் பட்டையையும் பிரம்பையும் அவர் தயங்காமல் பிரயோகித்தார் என்பதையும் மறைப்பதற்கில்லை. அவருடைய சீடர்கள் என்று சொல்லிக்கொண்டவர்களிலே பலர், கணத்தின் நுட்பத்தை விட்டுவிட்டு முள்ளை மட்டும் கைக்கொண்டார்கள்.

அமெரிக்காவில் நிகழ்ந்தது வேறு வகை. ஹெலன் வொயிட்ஹவுஸ் வாக்கர் என்னும் சீமாட்டி, தம் பூடில் நாய்களை அலங்காரப் பொம்மைகள் என்று பரிகசித்தவர்களுக்கு விடை கூறும் வகையில், 1933இல் நியூயார்க் மாகாணத்து மவுண்ட் கிஸ்கோவில் கீழ்ப்படிதல் போட்டி ஒன்றை நடத்தினார். 1936இல் அந்நாட்டு நாய் வளர்ப்போர் தலைமைச் சங்கம் அப்போட்டிக்கு விதிகள் வகுத்து அங்கீகரித்தது. வாக்கருக்குத் துணையாக நின்ற பிளான்ச் ஸாண்டர்ஸ் ஊர் ஊராகச் சென்று வகுப்புகள் நடத்தினார். சாமானியக் குடும்பத்தாரும் ஞாயிற்றுக்கிழமைகளில் நாயைப் பிடித்துக்கொண்டு வட்டமாக நடக்கும் வழக்கம் இப்படி வேரூன்றியது. அந்த வகுப்புகளின் பொதுச் சாதனம், நம் ஊர்க் கடைகளிலும் சோக் செயின் என்ற பெயரோடு தொங்குகிறதே, அந்தச் சுருக்குச் சங்கிலிதான்.

அதை மாட்டும் விதத்தைச் சற்று அருகில் சென்று பார்ப்போம். சங்கிலியின் இரு முனையிலும் வளையம் உண்டு. ஒரு வளையத்தின் வழியாகச் சங்கிலியை நழுவவிட்டால் கண்ணி உண்டாகிறது. நாய் நம் இடப்பக்கம் நடப்பது மரபாகையால், வார் பூட்டும் முனை நாயின் பிடரிக்கு மேலாக வந்து மற்ற வளையத்தின் வழியே நம் பக்கம் இறங்க வேண்டும். அப்படி மாட்டினால், வார் தளர்ந்த மறுநொடியே சங்கிலி தன் பாரத்தால் சரிந்து நெகிழும். மாற்றி மாட்டினாலோ, அம்முனை தொண்டைக்கு அடியிலிருந்து மேலேறி வருவதால், கையைத் தளர்த்திய பிறகும் கண்ணி இறுகியபடியே நிற்கும். பார்வைக்கு இரண்டும் ஒன்றுபோலத்தான் தோன்றும்; நாய்க்கோ முன்னது ஒரு க்ஷணச் செய்தி, பின்னது ஓயாத மூச்சுமுட்டல். சரியாக மாட்டிய சங்கிலியிலும் உபயோகம் இழுப்பதில் இல்லை. வெடுக்கென்று ஒரு சொடுக்கு, உடனே தளர்வு, நாய் அருகில் வந்தவுடன் ஒரு நல்வார்த்தை, அவ்வளவே. விறைத்த வாரின் முனையில் நாய் கர்கரவென்று இரைந்துகொண்டே எஜமானனைத் தெருவில் இழுத்துச் செல்லும் காட்சியை நாம் காண்கிறோமே, அங்கே சங்கிலி பிழையாகப் பிரயோகிக்கப்படுகிறது என்பதுகூடச் சரியன்று. அங்கே பிரயோகமே நடைபெறவில்லை.

இரண்டாம் உலக யுத்தத்தில் ராணுவ நாய்களைப் பழக்கியவரும், பின்னர் வால்ட் டிஸ்னியின் சினிமா நாய்களுக்கு ஆசானாக இருந்தவருமான வில்லியம் கேலர் 1962இல் வெளியிட்ட நூல், இச்சங்கிலியின் வேதமாகவே பல்லாண்டுகள் மதிக்கப்பட்டது. அவருடைய முதற் பாடம் மௌனமானது. சுருக்குச் சங்கிலியில் 15 அடி நீளக் கயிற்றைப் பூட்டி, நாயைப் பாராமலும் அழையாமலும், குறித்த ஓர் இடத்துக்கு நேரே நடந்து போய் நிற்பது. பிறகு வேறோர் இடத்துக்கு நடப்பது. நாய் பராக்குப் பார்த்தால் கயிறு தீர்ந்து சங்கிலி சொடுக்கும். கண்ணை எஜமானன்மேல் வைத்திருந்தால் ஒன்றும் நேராது. அடுத்து, ஆசை காட்டும் பொருள்கள் வரும். நாய் அவற்றை நோக்கிப் பாய்ந்தவுடன் ஆசான் வாய் திறவாமல் எதிர்த்திசையில் விரைவார். கயிறு தீர்ந்த இடத்தில் நாய் சுழன்று விழும். தன்னைத் தண்டித்தது எஜமானன் அல்லன், தன் பராக்குத்தான் என்று அது கண்டுகொள்ளும். சிந்தனைத் தெளிவோடு அமைக்கப்பட்ட பாடம் இது என்பதை எதிரிகளும் ஒப்புக்கொள்ள வேண்டும். ஆனால் அதே புத்தகத்தில், தோட்டத்தில் குழி பறிக்கும் நாய்க்குப் பரிகாரமாக, அந்தக் குழியில் தண்ணீர் நிரப்பி அதன் தலையை உள்ளே அமிழ்த்தும்படியும் கேலர் உபதேசிக்கிறார். அங்கே போதனை போய் வதை வந்துவிட்டது. அதை நியாயப்படுத்த எனக்கு மனம் வரவில்லை.

திருத்தம் நிலைப்பது எதனால் என்ற கேள்விக்கு விஞ்ஞானிகள் தந்த விடை பழக்குவோர் இரு கட்சியாருக்குமே அசௌகரியமானது. நற்பலன் செயலை வலுப்படுத்துகிற அளவுக்குத் தீப்பலன் அதை வலுவிழக்கச் செய்வதில்லை என்று மனோதத்துவ சாஸ்திரியாகிய தார்ன்டைக் 1930களின் தொடக்கத்தில் தம் முந்தைய கொள்கையைத் திருத்திக்கொண்டார். அஸ்ரின், ஹோல்ஸ் என்னும் இருவர் 1966இல் தண்டனையைப் பற்றிய பரிசோதனைகளைத் திரட்டி எழுதிய அத்தியாயமோ, தண்டனை பலிக்காது என்று சொல்லவில்லை. பலிப்பதற்குரிய நிபந்தனைகளைச் சொல்கிறது. அது செயலோடு ஒட்டி உடனே வர வேண்டும். தவறும்தோறும் தவறாமல் வர வேண்டும். முதலில் மெதுவாகத் தொடங்கிச் சிறிது சிறிதாகக் கடுமையை ஏற்றினால் பிராணி அதற்குப் பழகிப்போய் எதையும் தாங்கும். எல்லாவற்றுக்கும் மேலாக, தடுக்கப்பட்ட செயலால் கிடைத்துவந்த பலனை வேறொரு நல்ல செயலால் பெறும் வழி அதற்குத் திறந்திருக்க வேண்டும். தண்டனை நின்றவுடன் ஒடுங்கியிருந்த பழைய செயல் மீண்டும் தலைதூக்குவது சகஜம் என்பதும் அந்த ஆராய்ச்சிகளின் முடிவு. பழக்குவோருக்கு இது புதிய செய்தி அன்று. சங்கிலி கழுத்தில் இருக்கும் வரையில் பரம சாதுவாகவும், அது கழன்ற நிமிஷமே பழைய போக்கிரியாகவும் மாறும் நாயை அவர்கள் நன்கு அறிவார்கள். அதனால்தான் தேர்ந்தவர்கள், நாய் கட்டளையின் பொருளைக் கற்ற பின்னரே சங்கிலியைத் தொட்டார்கள். கனத்த வாருக்குப் பதிலாக மெல்லிய கயிறு, பிறகு வெறுங்கழுத்து என்று படிப்படியாகச் சாதனத்தைக் குறைத்துக்கொண்டே போனார்கள். வீட்டுக்காரர் செய்வது இதற்கு நேர்மாறு. கற்பிப்பதற்கு முன்னரே கண்டிக்கிறார். மெதுவாகத் தொடங்கி நாளுக்கு நாள் பலத்தைக் கூட்டுகிறார். பத்து முறை இழுத்ததில் இரண்டு முறை கண்டித்து, எட்டு முறை நாய் விரும்பிய மரத்தடிக்கே அதன் பின்னால் போகிறார்.

பிற்காலத்துக் கதையை விரைவாகவே சொல்லிவிடலாம். 1960களின் இறுதியில் மின்சாரம் பட்டைக்குள் புகுந்து, தொலைவில் ஓடும் வேட்டைநாயையும் எஜமானனின் விரலுக்கு எட்டச் செய்தது. 1980இல் பார்பரா உட்ஹவுஸ் அம்மையார் பி.பி.சி. தொலைக்காட்சியில் சங்கிலியும் கணீரென்ற குரலுமாகத் தோன்றிப் பெரும் புகழ் அடைந்தார். நான்கு ஆண்டுக்குள் கேரன் பிரையரின் நூல் வெளிவந்து, டால்பின்களைப் பழக்கிய ஊதலும் மீனும் நாய்க்கு வேறு வடிவில் பொருந்தும் என்று காட்டியது. கயிறு கட்டி இழுக்க முடியாத கடற்பிராணிகளே கற்கின்றன என்றால் சங்கிலிக்கு அவசியம் என்ன என்ற கேள்வி எழுந்தது. சாதாரணப் பட்டையை எதிர்த்து நாய் இழுக்கும்போது அதன் கண்ணுக்குள் அழுத்தம் உயர்கிறது, மார்பில் பூட்டும் வாரில் அப்படி உயர்வதில்லை என்று 2006இல் ஓர் ஆய்வு தெரிவித்தது. வேல்ஸ் நாடு 2010இல் மின்சாரப் பட்டையைத் தடைசெய்தது. மோஸ்ட் பிறந்த ஜெர்மனியே 2022ஆம் ஆண்டுத் தொடக்கத்திலிருந்து நாய்ப் பயிற்சியில் முள் பட்டையைச் சட்டத்தால் விலக்கிவிட்டது. அமெரிக்காவின் விலங்கு நடத்தை வைத்தியர் சங்கம் 2021இல், எல்லா நாய்களுக்கும் எல்லாக் குறைகளுக்கும் வெகுமதி முறையே போதும் என்று அறிக்கை விட்டது. இதை ஏற்காத பழக்குவோர் இன்னும் ஏராளம்.

என் அபிப்பிராயம் கேட்டால், மோஸ்டும் கேலரும் வற்புறுத்திய கண நுட்பம் கைவந்தவருக்கு ஒரு துண்டு ரொட்டியும் சாதாரணத் தோற்பட்டையும் போதுமானவை. அது கைவராதவர் கையில் சங்கிலியைக் கொடுப்பது நாய்க்கு அநீதி. எனினும் வாங்கிவிட்டவர்கள் பலர் இருப்பார்கள். அவர்களுக்கு ஒரு வேண்டுகோள்: சங்கிலியை மாட்டியதும் ஒரு முறை இழுத்து விட்டு, அது தானாக நெகிழ்கிறதா என்று பாருங்கள், குட்டிக்கு அதை மாட்டாதீர்கள், நாயைத் தனியே விட்டுப் போகும்போது கட்டாயமாகக் கழற்றி வையுங்கள், ஏனெனில் வளையம் வேலியிலோ ஜன்னல் கம்பியிலோ சிக்கிவிட்டால், நாய் திமிறத் திமிறச் சங்கிலி இறுகிக்கொண்டேதான் போகும்.