கரண்ட் பிடிக்கும் வைத்தியமும் பலாங்கொடைக் கறுப்புக் கல்லும்



கொஞ்சம் நீளமான பதிவு. நேரம் கிடைக்கும்போது வாசியுங்கள். வீட்டில் யாருக்காவது வாயில் ஆறாத புண் இருந்தால் இன்றைக்கே வாசியுங்கள்.

புற்றுநோய்க்குக் கொடுக்கும் கதிர்ச் சிகிச்சையை நம் பக்கத்தில் "கரண்ட் பிடிக்கிறது" என்பார்கள். அதைப் பற்றி மூன்று பேச்சுக்கள் உண்டு. "கரண்ட் பிடிச்சா உள்ளுக்குள்ள எல்லாம் கருகிரும்." "பிடிச்சிட்டு வந்தவங்க பக்கத்துல புள்ளைகள விடாதீங்க." "பத்து நாள் பிடிச்சது போதும், மிச்சத்த ஆண்டவன் பாத்துக்குவான்." டவுனிலும் இதே பேச்சுத்தான், லயத்திலும் இதே பேச்சுத்தான். மூன்றில் ஆளைக் கொல்வது மூன்றாவது பேச்சு. ஆனால் முதல் இரண்டு பயமும் இருப்பதால்தான் மூன்றாவது வாய்க்கு வருகிறது.

இந்தப் பயம் வெறும் மூடநம்பிக்கை இல்லை. அதற்கு ஒரு சரித்திரம் இருக்கிறது. அந்தச் சரித்திரத்தின் ஒரு பக்கம் நமக்கு மிகக் கிட்டத்தில், பெரகலைக்கு அங்கால் இருக்கும் பலாங்கொடையில் எழுதப்பட்டது.

கலை வரலாறு படித்தவர்களுக்கு ஆனந்த குமாரசுவாமியைத் தெரியும். சேர் முத்து குமாரசுவாமியின் மகன், 1877ல் கொழும்பில் பிறந்தவர், பிற்காலத்தில் அமெரிக்காவின் போஸ்டன் நூதனசாலையில் இருந்துகொண்டு இந்தியக் கலையை உலகுக்கு விளக்கியவர். அவர் முதலில் ஒரு நிலவியலாளர் என்பது பலருக்குத் தெரியாது. 1903 முதல் 1906 வரை இலங்கையின் கனிம ஆய்வுப் பணிக்கு அவரே தலைவர். மாணிக்கம் தோண்டும் மண்ணை அரிக்கும்போது அடியில் தங்கும் கனமான சிறு கறுப்புக் கற்களை அவர் கவனித்தார். பலாங்கொடைப் பக்கத்தில் கிடைத்த அந்தக் கற்கள் லண்டன் இம்பீரியல் இன்ஸ்டிடியூட்டுக்குப் போயின. அங்கே பேராசிரியர் டன்ஸ்டன் அவற்றை ஆராய்ந்து, இது உலகம் அதுவரை அறியாத கனிமம் என்று 1904ல் அறிவித்தார். பெயர் தோரியனைட். அதில் பெரும்பகுதி தோரியம் ஒட்சைட்டு, கொஞ்சம் யுரேனியம். இரண்டுமே கதிர் வீசும் மூலகங்கள்.

அந்த நேரம் உலகமே இந்தக் கதிர்களின் பின்னால் ஓடிக்கொண்டிருந்தது. 1895ல் ரொஞ்சன் எக்ஸ்ரேயைக் கண்டார். 1896ல் பெக்கரல் யுரேனியத்தின் கதிரைக் கண்டார். 1898ல் கியூரி தம்பதியர் ரேடியத்தைக் கண்டார்கள். ரேடியம் புற்றுக்கட்டியைக் கரைக்கிறது என்று தெரிந்ததும் அதன் விலை எட்டாத உயரத்துக்குப் போனது.

1904ல் ஒட்டோ ஹான் என்ற ஜேர்மன் இளைஞர் லண்டனுக்கு வந்து பேராசிரியர் ராம்சேயின் ஆய்வுகூடத்தில் சேர்ந்தார். இலங்கைத் தோரியனைட்டிலிருந்து எடுத்த உப்பைக் கொடுத்து, இதிலிருந்து ரேடியத்தைப் பிரித்தெடு என்றார் ராம்சே. ஹான் பிரித்தபோது ரேடியத்தோடு வேறொன்றும் கிடைத்தது. 1905ல் அதற்கு ரேடியோதோரியம் என்று பெயர் வைத்தார். இரண்டு வருடம் கழித்து பெர்லினில், தோரியத்திலிருந்து பிறக்கும் மீசோதோரியம் என்ற இன்னொன்றையும் கண்டுபிடித்தார். ரேடியத்தைவிட மலிவு என்பதால் மீசோதோரியம் ஆஸ்பத்திரிகளுக்குள் வந்தது. 1938ல் அணுவைப் பிளந்து நோபல் பரிசு பெற்றவரும் இதே ஹான்தான். அவருடைய முதல் பெரிய கண்டுபிடிப்பு நம் மலையடிவாரக் கல்லிலிருந்து வந்தது.

இனி கசப்பான பகுதி.

எடிசனின் உதவியாளர் கிளாரன்ஸ் டாலி, எக்ஸ்ரே குழாய்களைத் தன் கையை வைத்தே சோதித்துப் பார்த்து வந்தவர். கைகள் புண்ணாகி, புற்றாகி, வெட்டி எடுக்கப்பட்டு, 1904ல் இறந்தார். அமெரிக்காவின் நியூ ஜேர்சியில் கடிகார முகப்புக்கு ஒளிரும் மை பூசிய இளம் பெண்கள், தூரிகையின் நுனியை உதட்டில் வைத்துக் கூராக்கினார்கள். அப்படித்தான் செய்யச் சொல்லிக் கொடுத்திருந்தார்கள். மையில் இருந்தது ரேடியம். சிக்கனத்துக்காக மீசோதோரியமும் சேர்த்தார்கள். உடம்பு ரேடியத்தைச் சுண்ணாம்புச் சத்து என்று நினைத்து எலும்பில் சேர்த்துக்கொள்ளும். 1920களில் அந்தப் பெண்களின் தாடை எலும்பு உதிர்ந்தது. 1934ல் மேரி கியூரி அம்மையாரே இரத்தம் ஊறாத நோயில் காலமானார். 1930களில் தோரோட்ராஸ்ட் என்ற மருந்து வந்தது. எக்ஸ்ரேயில் இரத்தக் குழாய் தெளிவாகத் தெரிய ஊசியில் ஏற்றுவார்கள். அது வேறொன்றுமில்லை, நம் கறுப்புக் கல்லில் இருக்கும் அதே தோரியம் ஒட்சைட்டுத்தான். ஏறியது ஈரலில் தங்கிவிட்டது, வெளியே வரவில்லை. இருபது முப்பது வருடம் கழித்து பலருக்கு ஈரல் புற்று வந்தது.

ஆக, "கருகிரும்" என்ற பயம் வானத்திலிருந்து விழுந்ததல்ல. ஆனால் உண்மையில் நடப்பது கருகுவதுதானா?

ஒரு கணக்குப் பாருங்கள். 70 கிலோ எடையுள்ள ஒருவரின் உடம்பு முழுவதிலும் ஒரே தடவையில் 4 கிரே அளவு கதிர் பட்டு, வைத்தியமும் கிடைக்காவிட்டால், அவர் பிழைப்பதும் சாவதும் பாதிக்குப் பாதி. அந்தக் கதிர் அவர் உடம்புக்குக் கொடுத்த மொத்தச் சக்தி 280 யூல். சூடான தேநீர் ஒரு மிடறு குடித்தால் கிடைக்கும் சூடும் ஏறத்தாழ அவ்வளவுதான். உடம்புச் சூடு ஒரு பாகையின் ஆயிரத்தில் ஒரு பங்கு அளவுக்குத்தான் ஏறும். கருக்குவதற்கு அதில் சூடே இல்லை. அப்படியென்றால் எது கொல்கிறது?

கதிர், சக்தியைச் சூடு போலப் பரப்பிக் கொடுப்பதில்லை. ஊசி குத்துவது போல ஒரு மூலக்கூறில் மொத்தமாக இறக்குகிறது. நம் கலங்களில் பெரும்பகுதி தண்ணீர். அதனால் கூடுதலாக அடி வாங்குவதும் தண்ணீர்தான். உடைந்த தண்ணீரிலிருந்து ஐதரொட்சில் என்ற மூலிகம் பிறக்கும். கண் மூடித் திறப்பதற்குள் பக்கத்தில் இருப்பதைக் கடித்துவிட்டு அது மறைந்துவிடும். புரதத்தைக் கடித்தால் கலம் வேறு புரதம் செய்துகொள்ளும். டீஎன்ஏயைக் கடித்தால்தான் வினை. ஏனென்றால் எந்தப் புரதத்தை எப்படிச் செய்வது என்ற குறிப்பே அதில்தான் இருக்கிறது. கதிர் பரம்பரைக் குணங்களை மாற்றும் என்று 1927ல் பழ ஈக்களில் காட்டியவர் முல்லர். அந்த டீஎன்ஏ இரட்டை இழை என்று 1953ல்தான் தெரிந்தது.

கொழுந்துக் கூடையைத் தலையில் மாட்டும் கயிற்றை நினைத்துக்கொள்ளுங்கள். இரண்டு புரி முறுக்கிய கயிறு என்று வையுங்கள். ஒரு புரி அறுந்தால் கூடை விழாது. மற்றப் புரியைப் பார்த்துச் சேர்த்து முடிந்துவிடலாம். இரண்டு புரியும் ஒரே இடத்தில் அறுந்தால்தான் கூடை கீழே. 1 கிரே கதிர் பட்ட ஒரு கலத்தில் ஒற்றைப் புரி அறுதல் சுமார் ஆயிரம் நடக்கும். இரட்டைப் புரி அறுதல் முப்பது நாற்பது நடக்கும். முதலாவதைக் கலம் லேசாகச் சரிசெய்துவிடும். இரண்டாவதைச் சரிசெய்யத் திணறும். பிழையாக முடிந்தால் வருடங்கள் கழித்துப் புற்றாகலாம். கடிகாரப் பெண்களுக்கும் தோரோட்ராஸ்ட் ஏற்றியவர்களுக்கும் நடந்தது இதுதான். இரவு பகல் ஓய்வில்லாமல் உள்ளிருந்தே அறுத்துக்கொண்டிருந்தால் முடிபோட நேரம் ஏது?

அந்த "நேரம்" என்ற சொல்லில்தான் இந்த வைத்தியத்தின் முழு இரகசியமும் இருக்கிறது.

பரிஸ் நகரில் கிளோடியுஸ் ரெகோ என்ற ஆராய்ச்சியாளர் செம்மறிக் கடாக்களை எக்ஸ்ரேயால் மலடாக்கிப் பார்த்தார். ஒரே நாளில் பெரிய அளவு கொடுத்தால் தோல் வெந்தது, ஆனால் கடா மலடாகவில்லை. அதையே சிறுசிறு பங்காகப் பல நாளுக்குப் பிரித்துக் கொடுத்தபோது மலடானது, தோல் தப்பியது. ஓயாமல் பிரிந்து பெருகும் விந்துக் கலங்கள் மாட்டிக்கொண்டன, நிதானமான தோல் கலங்கள் பிழைத்தன. புற்றுக் கலமும் ஓயாமல் பெருகுவதுதானே? 1920களில் அவருடைய சக வைத்தியர் கூட்டார் தொண்டைப் புற்றுநோயாளருக்கு இதே முறையில் பல வாரம் கொடுத்தார். நோயாளர்கள் குணமானார்கள். உலகம் முழுவதும் இன்று நடப்பது அந்த வழிதான்.

காரணம் இது. இன்று கதிர் படுகிறது. நல்ல கலத்திலும் புரிகள் அறுகின்றன, புற்றுக் கலத்திலும் அறுகின்றன. நல்ல கலம் சில மணித்தியாலத்தில் பெரும்பாலும் முடிபோட்டுவிடும். புற்றுக் கலத்தில் அந்தத் திருத்தும் வேலை பெரும்பாலும் பழுதாகியிருக்கும். திருத்தாமலே பெருகப் பார்க்கும், பெருகும்போது சாகும். நாளைக்கு இன்னொரு பங்கு. இந்தத் திருத்தும் வேலை எப்படி நடக்கிறது என்று காட்டிய மூன்று பேருக்கு 2015ல் நோபல் பரிசு கிடைத்தது. அதனால்தான் வாய், தொண்டைப் புற்றுக்குப் பொதுவாக ஒரு நாளைக்கு 2 கிரே, கிழமைக்கு ஐந்து நாள், ஆறு ஏழு வாரம் என்று முப்பது முப்பத்தைந்து தடவை கொடுக்கிறார்கள். முழு உடம்புக்கும் அல்ல, நோயுள்ள இடத்துக்கு மட்டும். ஒரு தடவைக்குச் சில நிமிடம்தான்.

இரண்டாவது பேச்சுக்கும் பதில் சொல்லிவிடுகிறேன். வெளியிலிருந்து மெஷினால் கதிர் பிடித்தவர் உடம்பில் கதிர் மிஞ்சாது. விளக்கை அணைத்த பிறகு அறையில் வெளிச்சம் மிஞ்சுமா? பேரப்பிள்ளையைத் தூக்கலாம். ஒரே கோப்பையில் தேநீர் குடித்தாலும் ஒன்றும் ஆகாது. தைரொயிட்டுக்குக் கதிர் அயடீன் விழுங்கியவர்கள் சில நாள் ஒதுங்கி இருக்க வேண்டும். அதை ஆஸ்பத்திரியிலேயே சொல்லி அனுப்புவார்கள்.

இனி மூன்றாவது பேச்சு. இரண்டாம் மூன்றாம் வாரத்தில் வாய் புண்ணாகும், எச்சில் வற்றும், உப்பு உறைப்பு தெரியாது, கழுத்துத் தோல் கறுக்கும். வாயின் உட்தோலும் வேகமாகப் பெருகும் கலம்தான், அதனால் அதுவும் அடி வாங்குகிறது. நம்மவர்கள் திரும்பிவிடுவது இந்த இடத்தில்தான். கூடவே முழுப் பேர் இல்லாமல் வீடு தள்ளாடும் கவலை. ஆனால் மிஞ்சியிருக்கும் புற்றுக் கலங்கள் சுமார் நான்காவது வாரத்திலிருந்து முன்னைவிட வேகமாகப் பெருகத் தொடங்கும். தலை, கழுத்துப் புற்றுநோயில் சிகிச்சை நீளும் ஒவ்வொரு நாளுக்கும் நோய் கட்டுப்படும் வாய்ப்பு சுமார் 1 வீதம் குறைகிறது. பத்து நாளில் நிறுத்துகிறவர், கஷ்டத்தை முழுதாக வாங்கிக்கொண்டு பலனை அங்கேயே விட்டுவிட்டு வருகிறார். வாய்ப் புண் பெரும்பாலும் சிகிச்சை முடிந்து சில வாரத்தில் ஆறும். வாய் உலர்வது நீண்ட காலம் இருக்கலாம். விழுங்க முடியாவிட்டால் டொக்டரிடம் சொல்லுங்கள். வலிக்கும் சாப்பாட்டுக்கும் வழி செய்வார்கள். நிறுத்துவதற்கு முன் கேளுங்கள்.

இலங்கை ஆண்களுக்கு அதிகம் வரும் புற்றுநோய் வாய்ப் புற்றுநோய். தோட்டங்களில் வெற்றிலை போடும் பெண்களுக்கும் அது வருகிறது. வெற்றிலை, பாக்கு, சுண்ணாம்பு, புகையிலை நால்வரும் சேர்ந்து செய்யும் வேலை. புகையிலை சேர்க்காவிட்டால் பரவாயில்லை என்பதும் பிழை. பாக்கு தனியாகவே புற்றுநோய் தரும் என்று உலக சுகாதார அமைப்பின் புற்றுநோய் ஆய்வு முகவரகம் 2003ல் கூடிய நிபுணர் குழுவில் முடிவு செய்தது. இரண்டு மூன்று வாரமாக ஆறாத புண், வெள்ளை அல்லது சிவப்புத் தழும்பு, மூன்று விரல் நுழையாத அளவுக்கு வாய் இறுகுதல், இதில் எது இருந்தாலும் தோட்ட டிஸ்பென்சரியோடு நிற்காமல் பதுளை பெரியாஸ்பத்திரிக்குப் போங்கள். அங்கே புற்றுநோய்ப் பிரிவு இருக்கிறது.

சிலரை அங்கிருந்து மஹரகம அபேக்ஷா வைத்தியசாலைக்கு அனுப்புவார்கள். அபேக்ஷா என்றால் நம்பிக்கை. பதுளை-கொழும்பு பஸ் ஹப்புத்தளை, பெரகலை தாண்டி, பலாங்கொடை, இரத்தினபுரி வழியாக மஹரகமவைத் தொட்டுத்தான் போகும். குமாரசுவாமியின் கறுப்புக் கல் கிடந்த அதே பாதை. அந்தக் கல்லின் பிள்ளைகள் சிலரைக் கொன்றார்கள். எவ்வளவு, எத்தனை நாளில், எந்த இடத்தில் என்ற அளவைக் கற்றுக்கொண்ட பிறகு, அதே கதிர் மருந்தாகிவிட்டது. அளவைக் கற்க முன்னோர் கையையும் தாடையையும் உயிரையும் கொடுத்தார்கள். அந்த அளவில் பாதியை நாம் எடுத்துக்கொண்டு மீதியைத் தூக்கி எறிவது நியாயமா? நோயைத் தந்தவன் மருந்தையும் தந்திருக்கிறான் என்று நம்புகிறவர்கள் நாம்.

கடைசியாக ஒரு வேண்டுகோள். நம் தோட்டங்களில் மரணாதார சங்கம் இருக்கிறது. பள்ளிவாசலில் ஸதகா இருக்கிறது. கோயிலிலும் சேர்ச்சிலும் சேமிப்பு இருக்கிறது. ஆள் செத்தபின் பந்தலுக்கும் பெட்டிக்கும் சேர்க்கிற காசில் ஒரு பங்கை, கரண்ட் பிடிக்கும் அந்த ஏழு வாரத்துக்கு ஒதுக்குங்கள். பஸ் காசு, தங்குமிடம், துணைக்குப் போகிறவரின் இழந்த பேர், இவ்வளவுதான் தேவை. இன்ஷா அல்லாஹ், அந்தப் பந்தலே தேவைப்படாமல் போகலாம்.

உங்கள் தோட்டத்தில் யாராவது பாதியில் நிறுத்திவிட்டு வந்திருந்தால், இதை அவர் வீட்டில் வாசித்துக் காட்டுங்கள்.