பூசலார் கட்டிய மனக்கோயில்

அறுபத்துமூன்று நாயன்மார்களுள் ஒருவரான பூசலார், திருநின்றவூரைச் சேர்ந்த அந்தணர். சிவனுக்குக் கோயில் எழுப்ப விரும்பியும் பொருள் கிடைக்காததால் அதை மனத்திலேயே கட்டினார். 12ஆம் நூற்றாண்டில் சேக்கிழார் இயற்றிய பெரியபுராணம் இப்பணியை முறையாக விவரிக்கிறது: நிதி, கருவிகள், தச்சர்களைத் திரட்டுதல், அடித்தளம் முதல் சிகரம் வரை எழுப்புதல், சுதை வேலை, கிணறு, மதில், குளம் அமைத்தல். ஒவ்வொரு படியும் ஆகம முறைப்படி மனத்துக்குள்ளேயே நடந்தது.

அதே வேளையில் பல்லவ மன்னன் ஒருவன் காஞ்சியில் கற்றளி கட்டி முடித்திருந்தான். பூசலார் தம் மனக்கோயிலுக்குக் குறித்த குடமுழுக்கு நாளே மன்னனின் கோயிலுக்கும் குறிக்கப்பட்டிருந்ததால், நாளைத் தள்ளிவைக்குமாறு இறைவன் அவன் கனவில் பணித்தார். நின்றவூர் சென்ற மன்னன் அங்குக் கோயில் எதையும் காணவில்லை. பூசலாரிடம் உண்மையறிந்து வணங்கினான்.

அம்மன்னன் இராசசிம்மன் என்றும், கற்றளி 8ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் மணற்கல்லால் கட்டப்பட்ட காஞ்சி கைலாசநாதர் கோயில் என்றும் கருதப்படுகிறது. திருநின்றவூரில் இருதயாலீசுவரர் கோயில் பூசலாரின் நினைவாக இன்றும் வழிபாட்டில் உள்ளது.