பாலிய விவாகமும் சட்டத்தின் காவலும்

சட்டம் எதனைத் தண்டிக்கின்றது என்பதைக் கொண்டு மாத்திரமன்றி, எதனைத் தண்டியாது விடுகின்றது என்பதைக் கொண்டும் ஒரு காலத்தின் மனப்போக்கை நாம் அறிந்துகொள்ளலாம். 1860ஆம் ஆண்டில் இயற்றப்பட்ட இந்தியத் தண்டனைச் சட்டக்கோவை, பெண்களைப் பலாத்காரம் செய்வோருக்குக் கடுந்தண்டனை விதித்தது. ஆயின் அப்பிரிவின் ஈற்றிலே ஒரு விலக்கும் இருந்தது. மனைவிக்குப் பத்து வயது நிரம்பியிருப்பின், கணவன் செய்யும் செயல் பலாத்காரம் ஆகாது என்பதே அது. பிறனொருவன் செய்யின் பெருங்குற்றமாகும் செயல், கைப்பிடித்தவன் செய்யின் குற்றமே அன்று என்றாயிற்று. இவ்வொரு வாக்கியத்தின் வரலாற்றையே நாம் இங்கு ஆராயப் புகுகின்றோம்.

1884ஆம் ஆண்டில் பம்பாயைச் சேர்ந்த பார்சிப் பத்திரிகாசிரியர் பெஹ்ராம்ஜி மலபாரி, பாலிய விவாகத்தைக் கண்டித்து எழுதிய குறிப்புகள் நாடெங்கும் விவாதத்தை எழுப்பின. அதே ஆண்டில் ருக்மாபாயின் வழக்கும் தொடங்கிற்று. பதினொரு வயதில் மணம் செய்விக்கப்பட்ட அவர், வளர்ந்தபின் கணவனுடன் வாழ மறுத்தார். கணவனிடம் செல், அன்றேல் ஆறு மாதம் சிறை செல் என்று 1887இல் நீதிமன்றம் கட்டளையிட்டது. சிறையே மேல் என்றார் ருக்மாபாய். ஈற்றில் 1888இல் பணங்கொடுத்து வழக்குத் தீர்க்கப்பட்டது. பின்னர் அவர் இங்கிலாந்து சென்று வைத்தியம் கற்று, சூரத்திலும் ராஜ்கோட்டிலும் நெடுங்காலம் பணிபுரிந்தார்.

ருக்மாபாய்க்குக் கல்வியும் துணைநிற்போரும் இருந்தனர். கல்கத்தாவில் வாழ்ந்த புல்மோனி என்னும் சிறுமிக்கு இவ்விரண்டும் இல்லை. அவளுக்குப் பத்து அல்லது பதினொரு வயது. கணவனோ முப்பது வயதைக் கடந்தவன். 1889ஆம் ஆண்டில் அவன் செயலால் உண்டான காயத்தினால் அவள் உயிரிழந்தாள். தாயும் உறவினரும் நீதிமன்றத்திலே சாட்சி கூறினர். எனினும் அவள் பத்து வயதைக் கடந்துவிட்டமையால், பலாத்காரக் குற்றம் சாட்ட வழியிருக்கவில்லை. அசட்டையான செயலால் கொடுங்காயம் விளைத்தான் என்ற அளவிலே, 1890இல் அவனுக்கு ஓராண்டுக் கடூழியச் சிறை விதிக்கப்பட்டது. ஓர் உயிருக்குச் சட்டம் இட்ட மதிப்பு அவ்வளவே.

இவ்வழக்குப் பலருடைய மனச்சாட்சியை உறுத்திற்று. இந்தியாவிற் பணிபுரிந்த பெண் வைத்தியர்கள் தாம் கண்ட கொடுமைகளை எடுத்துக்காட்டி அரசுக்கு விண்ணப்பித்தனர். 1891ஆம் ஆண்டு மார்ச்சு 19ஆம் நாள் பத்து என்ற வயதெல்லை பன்னிரண்டாக உயர்த்தப்பட்டது. இச்சிறு மாற்றத்துக்கு எழுந்த எதிர்ப்போ மிகப் பெரிது. சமயத்திலே தலையிடோம் என்று 1858இல் மகாராணியார் அளித்த வாக்குறுதி மீறப்படுகின்றது என்று வங்காளத்திற் பெருங்கூட்டங்கள் கூடின. சமூகத் திருத்தம் மக்களிடமிருந்தே வரவேண்டும், அந்நிய அரசு அதனைப் புகுத்தலாகாது என்று திலகர் வாதாடினார். வடமொழிப் பேரறிஞராகிய ஆர். ஜி. பந்தார்க்கரோ, சாத்திரங்களையே ஆதாரமாகக் கொண்டு அச்சட்டத்துக்கு ஆதரவாக எழுதினார்.

அந்நிய ஆட்சியை ஐயுற்றோர் யாவரும் கொடியோர் என்று நாம் கூறவரவில்லை. ஆனால் அவர்கள் ஓர் உண்மையைக் காணத் தவறினர். கணவன் மனைவியைப் பலாத்காரம் செய்தல் என்பது இல்லை என்ற கொள்கை, 17ஆம் நூற்றாண்டின் ஆங்கில நீதியரசர் மத்தியூ ஹேல் எழுதிவைத்த கருத்தாகும். ஆங்கிலச் சட்டமரபினின்று இறக்குமதியான ஒரு விதியையே சமயம் என்று எண்ணி எம்மவர் காத்துநின்றனர்! இங்கிலாந்திலேயே அவ்விதி நீதிமன்றத்தால் நீக்கப்பட்டது, 1891இற்கு நூறாண்டுகள் கழித்து, 1991இலேதான்.

1925இல் சட்டம் மீண்டும் திருத்தப்பட்டது. இம்முறை பிறர் பொருட்டு வயதெல்லை 14, மனைவி பொருட்டு 13 என இரு வேறு அளவுகள் வகுக்கப்பட்டன. மணமாகாத சிறுமிக்கு ஒரு காவல், மணமான சிறுமிக்கு அதனினும் குறைந்த காவல் என்ற ஓரவஞ்சனை ஏட்டிலேறிற்று. 1929இல் ஹர்பிலாஸ் சார்தா கொண்டுவந்த சட்டம் பெண்ணின் மணவயதைப் 14 ஆக்கியது. சென்னைச் சட்டசபையின் முதற் பெண் உறுப்பினராகிய டாக்டர் முத்துலட்சுமி ரெட்டியும் மணவயதை உயர்த்தப் பாடுபட்டவரே. ஆயின் சார்தா சட்டம் 1930 ஏப்ரல் முதலாம் நாளே நடைமுறைக்கு வந்தமையால், இடைப்பட்ட மாதங்களில் அவசர அவசரமாகப் பல குழந்தை மணங்கள் நடந்தேறின. சட்டத்தை மீறி நடந்த மணமும் செல்லாததாகவில்லை.

சுதந்திர இந்தியாவிலும் அவ்விலக்கு அழியவில்லை. 1978இல் பெண்ணின் மணவயது 18 ஆயிற்று. விலக்கின் வயதோ 15 ஆகவே நின்றது. 2012ஆம் ஆண்டின் சிறுவர் பாதுகாப்புச் சட்டம் பதினெட்டு வயதுக்குட்பட்டோர் யாவரும் சிறுவரே என்றது. அப்போதும் அது நின்றது. ஈற்றில் 2017 ஒக்டோபர் 11ஆம் நாள் இந்திய உயர்நீதிமன்றம், பதினெட்டு வயது நிரம்பாத மனைவியும் குழந்தையே எனத் தீர்ப்பளித்தது. 2024 யூலை முதலாம் நாள் நடைமுறைக்கு வந்த புதிய தண்டனைச் சட்டத்திலும் 18 என்றே எழுதப்பட்டது. பத்திலிருந்து பதினெட்டுக்கு வர நூற்றைம்பது ஆண்டுகளுக்கு மேல் சென்றன.

எமது இலங்கையின் கதை வேறன்று. 1907ஆம் ஆண்டின் விவாகப் பதிவுச் சட்டம் பெண்ணுக்குப் பன்னிரண்டு வயதையே பொது எல்லையாக வைத்தது. 1995இல் அது பதினெட்டாக உயர்ந்தது. அதே ஆண்டில் தண்டனைச் சட்டக்கோவையும் திருத்தப்பட்டுச் சம்மத வயது பதினாறாயிற்று. ஆயினும் பன்னிரண்டு வயதைக் கடந்த மனைவி அக்காவலுக்குப் புறம்பாக விடப்பட்டாள். 1891இல் கல்கத்தாவிற் பேசப்பட்ட அதே பன்னிரண்டு! போர்க்காலத்திலே கட்டாய ஆட்சேர்ப்புக்கு அஞ்சி, வடக்கிலும் கிழக்கிலும் பெற்றோர் பலர் பராயமடையாத பெண்களை மணமுடித்துக் கொடுத்தனர் என்பதையும் நாம் மறத்தலாகாது. அச்சத்தினால் தேடிய காவல், சட்டத்தின் காவலை அச்சிறுமியரிடமிருந்து பறிப்பதாயிற்று.

இந்து வாலிபராகிய நாம் இவ்வரலாற்றிலிருந்து கற்கவேண்டியது ஒன்றுண்டு. ஒரு வழக்கத்தைச் சமயத்தின் பெயரால் காக்குமுன், அது எங்கிருந்து வந்தது என்று வினாவுதல் வேண்டும். அதனால் துன்புறுபவர் யார் என்றும் வினாவுதல் வேண்டும். குடும்ப விடயத்திலே பிறர் தலையிடலாகாது என்னும் சொல், வாய்திறக்க இயலாத சிறுமிக்கு எதிராகவே பெரும்பாலும் பயன்பட்டு வந்துள்ளது. எமது கிராமங்களிலே பாடசாலையை இடைநடுவில் விட்டு நின்றுவிடும் பெண்பிள்ளை ஏன் நின்றாள் என்று விசாரித்தறிந்து, அவளை மீண்டும் வகுப்பறைக்கு அனுப்பிவைத்தல் எமது சங்கங்களால் இயலாத காரியமன்று. அதனை இவ்வாண்டே தொடங்குவோமாக.