கில்லைனிக் கடற்கரையிலிருந்து பேசாலை வரை: நில அதிர்வின் வேகத்தை அளந்த வரலாறு

1970களின் முற்பகுதியில் சோவியத் நிபுணர்கள் எண்ணெய் தேடி மன்னார்த் தீவிலும் வடபகுதிப் பெருநிலத்திலும் அதிர்வாய்வு நடத்தினார்கள். செயற்கையாக எழுப்பிய அதிர்வு எவ்வளவு தூரத்திலுள்ள கருவியை எத்தனை செக்கனில் எட்டுகிறது என்று பார்ப்பதே அவ்வாய்வின் அடிப்படை. தூரத்தை நேரத்தால் வகுத்தால் வேகம் வரும். முருங்கன் வயல்களின் கரிய களிமண்ணில் அதிர்வு மெதுவாகச் செல்லும், சுண்ணாம்புக்கல்லில் விரையும், அடியிலுள்ள பழைய கடினப் பாறையில் இன்னும் விரையும். அதனால் வேகம் தெரிந்தால் தோண்டாமலே நிலத்தடியை ஊகிக்கலாம். மன்னார்த் தீவிலுள்ள பேசாலையில் தோண்டிய கிணறுகளில் வணிக அளவில் எண்ணெய் கிடைக்கவில்லை. ஆயினும் அதிர்வின் வேகத்தை அளக்கும் அந்தக் கணக்குக்கு அப்போதே நூறாண்டுக்கும் மேற்பட்ட வரலாறு இருந்தது.

அயர்லாந்துப் பொறியியலாளர் ராபர்ட் மலெட் 1849இல் கில்லைனிக் கடற்கரை மணலில் வெடிமருந்தைப் புதைத்து வெடிக்கவைத்தார். தொலைவில் வைத்த பாதரசத்தின் பரப்பு கலங்கும் கணத்தைத் தொலைநோக்கியால் பார்த்துக் குறித்தார். மணலில் செக்கனுக்கு 825 அடி, கருங்கல்லில் ஏறத்தாழ 1,665 அடி என்று விடை வந்தது. கருங்கல்லில் உண்மை வேகம் இதைவிடப் பல மடங்கு அதிகம். வகுத்தலில் பிழையில்லை, முதலில் வந்த மெல்லிய அதிர்வு அவர் கண்ணுக்குத் தப்பிவிட்டது. எந்த அலையின் வருகையைக் குறிக்கிறோம் என்று தெரியாதவரை, துல்லியமான கடிகாரமும் தவறான விடையையே தரும்.

இந்தச் சிக்கலை அவிழ்த்தவர் இந்தியப் புவியியல் ஆய்வகத்தைச் சேர்ந்த ரிச்சர்ட் டிக்சன் ஓல்டாம். 1897 ஜூன் 12இல் அசாமைப் பெரும் நிலநடுக்கம் உலுக்கியது. அப்போது இந்தியாவின் தந்தியும் ரயிலும் சென்னை வானாய்வகத்தின் நேரத்தைப் பின்பற்றின. ஊர்க் கடிகாரங்களோ முன்னும் பின்னுமாக ஓடின. அதிர்வு வந்த நேரத்தை அறிய அவற்றை ஒப்பிட்டுத் திருத்துவதே பெரும் உழைப்பாக இருந்தது. உண்மையான திருப்பம் இத்தாலியக் கருவிகளின் பதிவுகளில் கிடைத்தது. ஒரே நிலநடுக்கம் அங்கே மூன்று முறை வந்து சேர்ந்திருந்தது: முதலில் நெருக்கலை, அடுத்துக் குறுக்கலை, கடைசியில் மேற்பரப்பலை. ஒவ்வொன்றுக்கும் தனி வேகம் உண்டு என்று ஓல்டாம் நிறுவினார். புவியின் ஆழத்தைக் கடந்த அலைகள் எதிர்பார்த்ததைவிடத் தாமதமாக வந்ததைக் கொண்டு, நடுவே வேறுவகைக் கருவம் இருப்பதாக 1906இல் வாதிட்டார். ஒரு தாமதத்திலிருந்து ஒரு கோளின் உள்ளமைப்பைக் கண்டது வியக்கத்தக்க சாதனை.

அசாம் அழிவுக்குப் பின்னர் 1898 டிசம்பரில் கல்கத்தாவின் அலிப்பூரிலும், 1899இல் கொடைக்கானலிலும் பதிகருவிகள் நிறுவப்பட்டன. வேகங்கள் தெரிந்த பிறகு கணக்கைத் திருப்பிப் போடவும் முடிந்தது. புவியோட்டில் நெருக்கலை செக்கனுக்குச் சுமார் 6 கிலோமீற்றரும் குறுக்கலை சுமார் 3.5 கிலோமீற்றரும் செல்லும். இரண்டின் வருகைக்கும் இடையே 10 செக்கன் இருந்தால், நிலநடுக்கம் ஏறத்தாழ 80 கிலோமீற்றர் தொலைவில் நிகழ்ந்திருக்கிறது.

2004 டிசம்பர் 26 காலை சுமாத்திராவுக்கு அருகே கடலடி பிளந்தது. ஏறத்தாழ 1,750 கிலோமீற்றருக்கு அப்பால், கண்டிக்கு அருகிலுள்ள பல்லேகலைக் கருவியை முதல் அலை நான்கு நிமிடத்துக்குள் எட்டியது. சராசரி வேகம் செக்கனுக்கு ஏறத்தாழ 8 கிலோமீற்றர். ஆழிப்பேரலை கிழக்குக் கரையை அடையச் சுமார் இரண்டு மணித்தியாலம் ஆனது. அந்த இடைவெளியில் கரையோர மக்களுக்குச் செய்தி சொல்ல இலங்கையில் எந்த ஏற்பாடும் இருக்கவில்லை. அனர்த்த முகாமைத்துவத்துக்கான 13ஆம் இலக்கச் சட்டம் 2005இல்தான் வந்தது.