அழித்த ஆட்டங்களும் அழியாத பாம்பும்

நம்மில் பலருடைய வீட்டு இழுப்பறையில் இன்றும் ஒரு பழைய கைப்பேசி உறங்கிக்கொண்டிருக்கக்கூடும். அதன் முதுகு மூடியைக் கழற்றி, மின்கலத்தை எடுத்துப் பார்த்தால், அடியில் ஒட்டியிருக்கும் வெள்ளைச் சீட்டில் மாதிரி எண்ணும் நீண்ட அடையாள எண்ணும் இருக்கும். கூடவே 'மேட் இன் இந்தியா' என்ற பொடி எழுத்தும் இருந்து, அது 2006-க்குப் பிந்தைய நோக்கியாவாகவும் இருந்தால், அந்தக் கருவி பிறந்த ஊர் பெரும்பாலும் நமக்குத் தெரிந்த ஊர்தான்.

சென்னையிலிருந்து பூந்தமல்லி தாண்டிப் பெங்களூர் நெடுஞ்சாலையில் போகிறவர்களுக்கு முதலில் இருங்காட்டுக்கோட்டை வரும், பிறகு திருப்பெரும்புதூர். இருங்காட்டுக்கோட்டையைப் பலர் முதலில் அறிந்தது தொழிற்சாலையால் அன்று, ஆட்டக்களத்தால். 1990-இல் அங்கே மோட்டார் பந்தயத் தடம் திறக்கப்பட்டது. அதன்பின் சிப்காட் வளாகமும் ஹூண்டாய் ஆலையும் வந்தன. 1998-இல் முதல் சாண்ட்ரோ கார்கள் வெளியேறின. கார்களைத் தொடர்ந்து கைப்பேசி வந்தது. 2005 ஏப்ரலில் தமிழக அரசுடன் நோக்கியா ஒப்பந்தம் செய்துகொண்டது. திருப்பெரும்புதூர் சிப்காட்டில் சுமார் 210 ஏக்கர் நிலம் ஒதுக்கப்பட்டு, 2006 ஜனவரியில் உற்பத்தி தொடங்கிவிட்டது. இராமானுசர் பிறந்த ஊர் என்றும், 1991 மே 21-இன் கொடிய இரவு என்றும் மட்டுமே அறியப்பட்டிருந்த ஊருக்கு மூன்றாவதாக ஓர் அடையாளம் கிடைத்தது. 2011-இல் ஐம்பது கோடிக் கைப்பேசிகளைக் கடந்துவிட்டதாக அந்த ஆலை அறிவித்தது.

இந்தப் பெரிய வரலாற்றுக்குள் ஒரு சிறிய வரலாறு இருக்கிறது. அந்தக் கருவிகளிலிருந்து நாம் எதை அழித்தோம் என்பதே அது.

முதலில் அழிக்க முடியாத காலம் ஒன்று இருந்தது. பர்மா பஜாரில் வாங்கிவந்த கையடக்க 'பிரிக் கேம்' பெட்டிகளை நினைத்துப் பாருங்கள். 9999 ஆட்டங்கள் என்று அட்டையில் போட்டிருக்கும். ஏழெட்டு ஆட்டங்களையே வேகம் மாற்றி மாற்றி எண்ணியிருப்பார்கள். அதில் ஒன்றைச் சேர்க்கவும் முடியாது, எடுக்கவும் முடியாது. தொடக்ககாலக் கைப்பேசிகளும் அவ்வாறே இருந்தன. 1997 இறுதியில் வெளிவந்த நோக்கியா 6110-இல் தனேலி அர்மான்தோ என்ற பின்லாந்துப் பொறியாளர் எழுதிய பாம்பாட்டம் இருந்தது. அகச்சிவப்புக் கதிர் வழியாக இருவர் எதிரெதிரே ஆடும் வசதியும் அதில் இருந்தது. 1976-இலேயே அமெரிக்காவில் காசு போட்டு ஆடும் பெட்டியாக வந்த 'பிளாக்கேட்' என்னும் ஆட்டமே இந்தப் பாம்பின் மூதாதை. நம்மூரில் வைகுண்ட ஏகாதசி இரவில் கண்விழிக்கப் பரமபதம் ஆடியவர்களுக்குப் பாம்பு என்றால் கீழே இறக்குவது. இந்தப் பாம்போ தின்னத் தின்ன வளர்ந்து, தன் உடம்பிலேயே மோதிச் சாவது.

2000-இல் வந்த 3310-இல் நான்கு ஆட்டங்கள். அவற்றுள் 'பந்துமி' என்பதைத் திறந்த நம் வீட்டுப் பெண்களுக்கு எந்த விளக்கமும் தேவைப்படவில்லை. இரண்டு வரிசைக் குழிகள், குழியில் விதைகள், ஒன்றொன்றாகப் போட்டுக்கொண்டே போக வேண்டும். ஆப்பிரிக்காவின் மங்கலா விளையாட்டுக் குடும்பத்திலிருந்து பின்லாந்து நிறுவனம் எடுத்துக்கொண்ட ஆட்டம் அது. நமக்கு அது குழி குறைந்த பல்லாங்குழி. புளியங்கொட்டையும் சோழியும் இல்லாமல், சாம்பல் பச்சைத் திரையில், ஊர் சுற்றி வீடு வந்து சேர்ந்திருந்தது.

இந்த ஆட்டங்கள் கருவியின் மூல மென்பொருளோடு ஒன்றாகப் பிணைந்தவை. பயனாளர் தொட முடியாத பகுதியில் இருந்தவை. பாம்பை அழிக்க வேண்டும் என்று யாரேனும் நினைத்திருந்தாலும் வழியில்லை.

பிறகு ஜாவா ஆட்டங்கள் வந்தன. 2002 வாக்கில் வண்ணத் திரையும் அழைப்பிசையும் புகைப்படமும் கைப்பேசிக்குள் நுழைந்தபோது, 'பொது நினைவகம்' என்ற ஒன்றும் உடன் வந்தது. குறுஞ்செய்தி, தொடர்பு எண்கள், படங்கள், இசை, ஆட்டங்கள் யாவும் ஒரே சிறு கிடங்கைப் பகிர்ந்துகொண்டன. ஒன்று பெருத்தால் மற்றொன்றுக்கு இடமில்லை. நினைவகம் நிரம்பினால் எதையாவது நீக்கிவிட்டு வாருங்கள் என்று கையேடே சொன்னது. எதை என்பதை மட்டும் அது சொல்லவில்லை.

எவ்வளவு இடத்துக்காக அந்தப் போராட்டம் என்பதை இன்றைய தலைமுறைக்கு விளக்குவது கடினம். முதல் தலைமுறை 'சீரீஸ் 40' கருவிகளில் ஓர் ஆட்டத்தின் உச்ச அளவே 64 கிலோபைட். ஒரு குறுஞ்செய்தியின் உள்ளடக்கம் 140 பைட். மேலுறைத் தகவல்களுக்குக் கழித்துக்கொண்டாலும், ஓர் ஆட்டத்தை அழித்தால் சில நூறு செய்திகளின் இடம் விடுபடும். ஆங்கில எழுத்தில் 160 குறிகள் கொள்ளும் ஒரு செய்தியில் தமிழ் எழுத்தில் 70 குறிகளே கொள்ளும் என்பதையும் இங்கே சொல்ல வேண்டும். அதிலும் 'கோ' என்பது நமக்கு ஓர் எழுத்து. கருவிக்கு இரண்டு குறி. தமிழில் எழுதுவது கருவியின் கணக்கில் இரட்டைச் செலவாக இருந்தது. பல கருவிகளில் தமிழ் எழுத்தே இல்லை என்பதால், நாம் ஆங்கில எழுத்தில் தமிழை எழுதிப் பிழைத்தோம்.

நம் குழு நண்பர் ஒருவரின் அனுபவம் இது. அவருடைய தந்தை ஓய்வுபெற்ற பள்ளி ஆசிரியர். அறுபது வயதுக்குமேல் குறுஞ்செய்தி தட்டக் கற்றுக்கொண்டவர். 'பஸ் ஏறியாயிற்றா', 'மழை வருகிறது, குடை எடு' என்கிற அளவில்தான் எழுதுவார். ஆனால் தினமும் எழுதுவார். தந்தை மறைந்த சில மாதங்களில் நண்பரின் கருவியில் நினைவகம் நிரம்பிவிட்டது. புதிய செய்தி வராது, உறை அடையாளம் மட்டும் மின்னிக்கொண்டே இருக்கும். நண்பர் ஆட்டங்களை அழிக்கத் தொடங்கினார். முதலில் கால்பந்து, அடுத்து கார்ப் பந்தயம், கடைசியாக அவருடைய ஐந்து வயது மகள் ஆடிக்கொண்டிருந்த ஏதோ ஓர் ஆட்டம். குழந்தை இரண்டு நாள் அழுதாள். செய்திகள் தப்பின.

அழித்த ஆட்டத்தை மீட்டுத் தர முடியுமா என்று அவர் பழுதுபார்க்கும் கடையில் கேட்டிருக்கிறார். ஆட்டம் திரும்ப வேண்டுமானால் கருவி முழுவதையும் வெறுமையாக்கி மீண்டும் மென்பொருள் ஏற்ற வேண்டும், செய்திகள் போய்விடும் என்றார்களாம். அது உண்மையான பதில். அக்கருவிகளில் மென்பொருள் மூன்று அடுக்காக ஏற்றப்பட்டது: இயக்கும் மூலப்பகுதி, மொழிகளுக்கான பகுதி, படங்களும் ஆட்டங்களும் அடங்கிய உள்ளடக்கப் பகுதி. மூன்றாவது அடுக்கு மட்டும் பயனாளர் கைவைக்கக்கூடிய இடத்தில் வைக்கப்பட்டது. எந்த நாட்டுச் சந்தைக்குப் போகும் பெட்டியோ அதற்கேற்ப மொழியும் ஆட்டமும் ஏற்றப்பட்டன. திருப்பெரும்புதூர் ஆலையின் பணியாளர்களில் பெரும்பான்மையோர் இளம்பெண்கள். சுற்றுவட்டார வடமாவட்டக் கிராமங்களிலிருந்து நிறுவனப் பேருந்துகளில் மூன்று வேளைப் பணிக்கு வந்து சென்றவர்கள். அவர்கள் பணிபுரிந்த வரிசைகளில் ஏற்றப்பட்டதை, நாம் வீட்டில் உட்கார்ந்து ஒன்றொன்றாக இறக்கிக்கொண்டிருந்தோம்.

இனி வருவது இந்த வரலாற்றின் விசித்திரமான பகுதி. அந்த ஆலையின் முடிவும் இந்த மென்பொருளோடு சம்பந்தப்பட்டதுதான்.

2013 ஜனவரியில் வருமானவரித் துறையினர் திருப்பெரும்புதூர் ஆலையில் சோதனை நடத்தினர். கைப்பேசிகளில் ஏற்றப்படும் மென்பொருளுக்காக இந்திய நிறுவனம் பின்லாந்துத் தாய் நிறுவனத்துக்குப் பணம் செலுத்திவந்தது. அது உரிமத்தொகை, ஆகவே வரி பிடித்த பிறகே அனுப்பியிருக்க வேண்டும் என்பது துறையின் வாதம். வரி ஒப்பந்தப்படி அவ்வாறு பிடிக்க வேண்டியதில்லை என்பது நிறுவனத்தின் வாதம். அவ்வாண்டு மார்ச்சில் 2,000 கோடி ரூபாய்க்கு மேல் கேட்பு வந்தது. பிறகு தமிழக அரசின் விற்பனை வரித் துறையும் 2,400 கோடி கேட்டது. கைப்பேசியில் மென்பொருள் என்பது பொருளின் ஓர் உறுப்பா, தனியே உரிமம் பெற்ற படைப்பா? நாம் விரலால் அழித்துக்கொண்டிருந்த ஒன்றின் தன்மை குறித்து நீதிமன்றங்கள் விவாதித்துக்கொண்டிருந்தன.

அதே வேளையில் நோக்கியா தன் கைப்பேசித் தொழிலை மைக்ரோசாஃப்டுக்கு விற்றுக்கொண்டிருந்தது. திருப்பெரும்புதூர் ஆலையின் சொத்து முடக்கப்பட்டிருந்தது. அதைக் கைமாற்ற வேண்டுமானால் 3,500 கோடி ரூபாய்க்கு உறுதி அளிக்க வேண்டும் என்ற நிபந்தனை 2014 மார்ச்சில் உச்சநீதிமன்றத்திலும் நிலைத்தது. 2014 ஏப்ரல் 25 அன்று விற்பனை முடிந்தபோது, உலகெங்கும் இருந்த ஆலைகள் பல கைமாறின. இந்த ஆலை பட்டியலிலிருந்து நீக்கப்பட்டது. சில மாதம் மைக்ரோசாஃப்டுக்கு ஒப்பந்த வேலை செய்தது. ஐயாயிரத்துக்கும் மேற்பட்டோர் விருப்ப ஓய்வுத் தொகையைப் பெற்றுக்கொண்டு வெளியேறினர். 2014 நவம்பர் 1 முதல் உற்பத்தி நின்றது. விருப்ப ஓய்வு என்ற சொல்லை, இருபத்தைந்து வயதுப் பெண்களுக்கு நாம் பயன்படுத்திய ஆண்டு அது. வரி வழக்கு 2018-இல் இரு நாட்டு அரசுகளின் உடன்பாட்டால் தீர்ந்தது. அதற்குள் அந்தப் பெண்கள் துணிக்கடைகளுக்கும் வேறு ஆலைகளுக்கும் திருமணங்களுக்கும் சிதறிப் போயிருந்தார்கள்.

மூடிய ஆலையை 2019-இல் சால்காம்ப் என்ற மின்னேற்றி தயாரிக்கும் நிறுவனம் வாங்குவதாக அறிவிக்கப்பட்டது. அதே ஆண்டில் அப்பகுதியிலேயே ஃபாக்ஸ்கான் ஐபோன்களைத் தயாரிக்கத் தொடங்கியது. மீண்டும் பேருந்துகள், மீண்டும் கிராமத்துப் பெண்கள். இந்தப் புதிய கருவிகளில் அழித்தல் என்பதன் பொருளே மாறிவிட்டது. 2017 முதல் ஐபோனில் ஒரு வசதி உண்டு: இடம் போதாதபோது பயன்படுத்தாத செயலியைக் கருவியே இறக்கிவிடும். படவுரு அப்படியே நிற்கும், நாம் சேர்த்த தரவும் இருக்கும். தொட்டால் செயலி திரும்ப வந்துவிடும். அதாவது இன்று நாம் எதையும் தேர்ந்தெடுக்க வேண்டியதில்லை என்கிற நம்பிக்கை.

தேர்ந்தெடுக்க வேண்டியிருந்த நிலையை நாம் புகழ்ந்து பேசவில்லை. இடநெருக்கடியால் இழந்தவற்றின் கணக்கு தமிழர்களுக்குப் புதிதன்று. படியெடுக்கப்படாத ஓலை செல்லரித்தது. ஆடிப்பெருக்கில் ஆற்றில் விடப்பட்டது. கரிவலம்வந்தநல்லூரில் ஏடுகள் நெருப்பிலிடப்பட்டதைக் கேட்டு உ.வே.சா. துடித்ததை நாம் படித்திருக்கிறோம். அங்கேயும் ஏதோ ஒன்றுக்கு இடம் தரவே ஏதோ ஒன்று கழிக்கப்பட்டது. ஆட்டங்களை ஏட்டுக்கு நிகராக்குவது மிகை என்று சிலர் சொல்லலாம். ஒப்பிடுவது பொருள்களை அன்று; கழிக்கும்போது நாம் குறித்துவைப்பதில்லை என்னும் பழக்கத்தை.

அந்தக் காலத்து ஜாவா ஆட்டங்களை இன்று ஆர்வலர்கள் தேடிச் சேகரிக்கிறார்கள். புதிய கருவிகளில் அவற்றை ஓட்டிப் பார்க்கும் போலிக்கருவி மென்பொருள்களும் உண்டு. ஆனால் தேட வேண்டுமானால் பெயர் தெரிந்திருக்க வேண்டும். நண்பரின் மகள் இப்போது கல்லூரி முடித்துவிட்டாள். அந்த ஆட்டத்தில் ஒரு நீலக் கதவு இருந்ததும், அதற்குள் போனால் மணி அடித்ததும் நினைவிருக்கிறதாம். பெயர் நினைவில்லை. நண்பருக்கும் தெரியாது, அவர் பெயரைப் பார்த்து அழிக்கவில்லை, அளவைப் பார்த்து அழித்தார்.

சென்ற மாதம் அவர் அந்தக் கருவியைக் கொண்டுவந்திருந்தார். ரிச்சி தெருவில் தேடி மாற்று மின்கலம் வாங்கிப் போட்டிருந்தார். திரை எரிந்தது. உட்பெட்டியில் தந்தையின் செய்திகள் வரிசையாக இருந்தன. குடை எடு என்பதும் இருந்தது. ஆட்டப் பட்டியல் காலியாக இருந்தது. மின்கலத்தின் அடியில் ஒட்டிய சீட்டை நாம் ஆளுக்கொரு முறை வாங்கிப் பார்த்தோம். ஊரின் பெயரோ, வரிசையில் நின்று அதைப் பூட்டியவரின் பெயரோ அதில் இல்லை. நாட்டின் பெயர் மட்டும் இருந்தது.

நம் வாசகர்களிடம் ஒரு வேண்டுகோள். உங்கள் இழுப்பறையில் அத்தகைய கருவி இருந்தால், அதில் எஞ்சியிருக்கும் ஆட்டங்களின் பெயர்களை ஒரு தாளில் எழுதிவையுங்கள். அந்த ஆலையில் வேலை பார்த்தவர் யாரேனும் உங்கள் உறவில் இருந்தால், எந்தப் பிரிவில், எத்தனை ஆண்டு என்பதையும் கேட்டு, அதே தாளில் எழுதிக்கொள்ளுங்கள். அதற்குப் பெரிய இடம் ஒன்றும் தேவைப்படாது.