இசைக்காகத் திறந்த வாயில்

1998 நவம்பரில் ஜப்பானிய நிறுவனமாகிய சேகா வெளியிட்ட டிரீம்காஸ்ட் என்னும் விளையாட்டு யந்திரம், ஏறக்குறைய ஒரு கிகாபைட் கொள்ளும் ஜிடி-ராம் என்ற விசேஷத் தகட்டையே ஆதாரமாகக் கொண்டிருந்தமையால், சாதாரணக் குறுந்தகட்டில் பிரதியெடுப்போருக்கு எட்டாக்கனியாகவே தோன்றியது. ஆயினும், சங்கீதத்தோடு சித்திரங்களையும் சேர்த்து வழங்கும்பொருட்டு அந்நிறுவனமே அனுமதித்திருந்த மில்-சிடி என்னும் குறுந்தகட்டு முறையின் வழியாக, 2000-ஆம் ஆண்டில் அனுமதி பெறாத நிரல்களும் பிரதிகளும் உள்ளே பிரவேசித்தன. பெரிய விளையாட்டுகளோ, 700 மெகாபைட்டுக்குள் அடங்குவதற்காக இசையிலும் காட்சியிலும் சில பகுதிகளை இழந்து மெலிந்தன. பிற்பாடு தயாரித்த சில யந்திரங்களில் சேகா அவ்வழியை அடைத்தது. 2001-இல் உற்பத்தியே நின்றது. எனினும், களவுக்கு உதவிய அதே மார்க்கம், கைவிடப்பட்ட யந்திரத்துக்குப் புதிய விளையாட்டுகளைச் சுயமாக இயற்றும் ஆர்வலர்களுக்கு இன்றளவும் ராஜபாட்டையாக விளங்குகிறது.